டிவிக்கு ஒன்றும் ஆகவில்லை, கோப்பைப் பாருங்கள்: கம்ப்யூட்டர் வீடியோ டிவியில் ஓடாதபோது என்ன செய்வது

போன ஆவணியில் சித்தி மகள் கல்யாணம். ஒரு மாதம் கழித்து போட்டோகிராபர் பென் டிரைவ் கொடுத்தார். சித்தப்பா அதை டிவியில் சொருகி, பக்கத்து வீட்டுக்காரர்களையும் கூப்பிட்டு உட்கார வைத்துப் போட்டிருக்கிறார். நாதஸ்வரக்காரர் கன்னம் உப்புகிறது, தவில்காரர் கை பறக்கிறது, தாலி ஏறுகிறது, சத்தம் மட்டும் சுத்தமாக இல்லை. "டிவி போயிடுச்சுடா, மெக்கானிக்கைக் கூப்பிடவா?" என்று எனக்கு போன். நியூஸ் சேனலில் சத்தம் வருதா என்று கேட்டேன். வருகிறதாம். அப்புறம் எதற்கு மெக்கானிக்?

வீட்டில் கம்ப்யூட்டர் தெரிந்தவன் என்று பெயர் வாங்கிவிட்டதால் எனக்கு இந்த மாதிரி போன் மாதம் ரெண்டாவது வரும். பெரும்பாலும் டிவியும் நன்றாக இருக்கும், வீடியோவும் நன்றாக இருக்கும், ரெண்டுக்கும் நடுவில் ஏதோ ஒரே ஒரு விஷயம் ஒத்துப்போகாது. அந்த ஒன்றை மட்டும் சரி செய்தால் போதும். ஆனால் நம் ஆட்கள் எடுத்த எடுப்பில் ஏதோ ஒரு கன்வர்ட்டரை இறக்கி முழுப் படத்தையும் மூன்று மணி நேரம் மாற்றிவிட்டு, படம் மங்கலாகிவிட்டது என்று மறுபடி போன் செய்வார்கள். முழுசாக மாற்றுவது கடைசி வழி, முதல் வழி இல்லை.

ஒரே ஒரு விஷயத்தை முதலில் மனதில் வாங்கிக்கொள்ளுங்கள். எம்பி4, எம்கேவி, ஏவிஐ என்பதெல்லாம் வீடியோவின் வகை இல்லை, டிபன் கேரியரின் பெயர். ஒரு அடுக்கில் படம், ஒரு அடுக்கில் ஒலி, இன்னொன்றில் சப்டைட்டில். வெளியே எம்பி4 என்று எழுதியிருந்தாலும் உள்ளே எந்த அடுக்கில் என்ன இருக்கிறது என்பது திறந்து பார்த்தால்தான் தெரியும். (கோப்பின் கடைசி எழுத்துகளை எம்கேவியில் இருந்து எம்பி4 என்று பெயர் மாற்றிவிட்டு "இப்பவும் ஓடலை" என்கிறவர்கள் இருக்கிறார்கள். கேரியர் மேல் ஸ்டிக்கர் ஒட்டினால் சாம்பார் ரசம் ஆகாது.) திறந்து பார்க்க விஎல்சி என்ற இலவச வீடியோ பிளேயர் போதும். கம்ப்யூட்டரில் வீடியோவை ஓடவிட்டு, கன்ட்ரோலையும் ஜே எழுத்தையும் சேர்த்து அழுத்தினால் படம் எந்தக் கோடெக், ஒலி எந்தக் கோடெக் (அதாவது எந்த முறையில் சுருக்கி வைத்தது) என்று சொல்லிவிடும். இன்னும் விவரமாக வேண்டும் என்றால் மீடியாஇன்ஃபோ என்று ஒரு இலவச மென்பொருள் இருக்கிறது. இதைப் பார்க்காமல் கீழே உள்ள எதையும் ஆரம்பிக்காதீர்கள்.

படம் வருகிறது, சத்தம் இல்லை

அதிகம் வரும் புகார் இதுதான். ஒலி அடுக்கில் டிடிஎஸ் (சினிமாக் கோப்புகளில் வரும் ஒரு ஒலிக் கோடெக்) என்று இருந்தால் அங்கேயே நிறுத்திவிடலாம், காரணம் கிடைத்துவிட்டது. டிடிஎஸ்ஸைப் பிரித்து ஒலிக்க டிவி கம்பெனி உரிமம் வாங்க வேண்டும். சாம்சங் 2018 மாடல்களில் இருந்து அதை விட்டுவிட்டது, எல்ஜி 2020இல் விட்டுவிட்டு 2023இல் சில மாடல்களில் திரும்பச் சேர்த்தது. அதனால்தான் பத்து வருஷத்துப் பழைய டிவியில் சத்தத்தோடு ஓடிய கோப்பு, புதுசாக வாங்கிய பெரிய டிவியில் ஊமையாகிவிடுகிறது. வாங்கின டிவி மட்டம் என்று நினைத்து சண்டைக்குப் போகாதீர்கள்.

டால்பி ட்ரூஎச்டியும் அதே கதைதான், ப்ளூ-ரேயில் இருந்து எடுத்த கோப்புகளில் இருக்கும். இன்னொன்று பிசிஎம். சில கேமராக்கள் எம்பி4 கோப்புக்குள்ளேயே ஒலியைச் சுருக்காமல் பிசிஎம் ஆக வைத்துவிடும், கம்ப்யூட்டர் பேசாமல் ஓட்டிவிடும், பல டிவிகள் அந்த அடுக்கைத் திறக்கவே திறக்காது. சித்தப்பா விஷயத்தில் நடந்தது அதுதான். எடிட் செய்த படம் தனியாக ஒரு ஃபோல்டரில் சமர்த்தாக இருக்க, சித்தப்பாவோ கேமராவில் இருந்து அப்படியே இறக்கிய துண்டுகள் இருந்த ஃபோல்டரைத் திறந்திருக்கிறார். அந்தத் துண்டுகளும் வேண்டும் என்று சித்தி பிடிவாதம், அதில்தான் அவர்கள் ஊர்க்காரர்கள் எல்லாரும் இருக்கிறார்களாம்.

முதலில் டிவி ரிமோட்டில் ஆடியோ மொழி அல்லது ஆடியோ டிராக் என்று இருக்கிறதா பாருங்கள். ஒரே கோப்பில் ரெண்டு ஒலி அடுக்கு இருந்து, ரெண்டாவது ஏசி3 (டால்பி டிஜிட்டல்) ஆக இருந்தால் அதை மாற்றிவிட்டாலே சத்தம் வந்துவிடும். இல்லையென்றால் அவிடெமக்ஸ் என்ற இலவச மென்பொருளை இறக்கிக்கொள்ளுங்கள். கோப்பைத் திறந்தால் இடது பக்கம் வீடியோ அவுட்புட், ஆடியோ அவுட்புட், அவுட்புட் ஃபார்மட் என்று மூன்று பெட்டி இருக்கும். வீடியோவில் காப்பி என்று இருப்பதைத் தொடவே கூடாது. ஆடியோவில் மட்டும் ஏசி3 அல்லது ஏஏசி. சவுண்ட்பாரோ ஹோம் தியேட்டரோ இருந்தால் ஏசி3, வெறும் டிவி ஸ்பீக்கர் என்றால் ஏஏசி போதும். ஃபார்மட்டில் எம்கேவி மக்ஸர் அல்லது எம்பி4 மக்ஸர், அப்புறம் வேறு பெயரில் சேவ். படத்தைத் தொடாததால் தரம் ஒரு துளியும் குறையாது, இரண்டரை மணி நேரப் படம் என்றாலும் பெரும்பாலும் சில நிமிஷத்தில் முடிந்துவிடும்.

சித்தப்பாவின் துண்டுகள் நாற்பதையும் அப்படித்தான் ஒரு சாயங்காலத்தில் முடித்தேன். சத்தம் வந்ததும் சித்தி சொன்ன முதல் வார்த்தை: "தவில் சத்தத்துல மந்திரமே கேக்கல, கொஞ்சம் குறைக்க முடியாதா?"

பென் டிரைவ் இல்லாமல் லேப்டாப்பை எச்டிஎம்ஐ கேபிளில் போட்டுப் பார்க்கும்போது சத்தம் வரவில்லை என்றால் அது வேறு கதை. சத்தம் லேப்டாப்பிலேயே வந்துகொண்டிருக்கும், அவ்வளவுதான். கீழே வலது மூலையில் ஸ்பீக்கர் படத்தை அமுக்கி, அவுட்புட்டை டிவி பெயருக்கு மாற்றுங்கள். பழைய லேப்டாப்பில் நீல நிற விஜிஏ கேபிள் என்றால் அதில் சத்தம் போகவே போகாது, ஹெட்போன் ஓட்டையில் இருந்து தனியாக ஒரு ஆடியோ கேபிள் போட வேண்டும்.

சத்தம் வருகிறது, படம் கறுப்பு; அல்லது "இந்தக் கோப்பை இயக்க முடியவில்லை"

இப்போது பட அடுக்கைப் பாருங்கள். எச்.264, 8 பிட் (பிட் என்பது நிறத்தின் நுணுக்கம்) என்று இருந்தால் பத்துப் பன்னிரண்டு வருஷமாக வந்த ஏறக்குறைய எல்லா டிவியும் ஓட்டும். எச்இவிசி, அதாவது எச்.265 என்று இருந்தால் 4கே டிவிகளில் ஓடும், பழைய ஃபுல் எச்டி டிவிகள் பலவற்றில் ஓடாது, அந்தத் தரமே 2013இல்தான் வந்தது. ஏவி1 அதற்கும் பிந்தியது, 2018. டிவியின் சிப் உருவானபோது இல்லாத ஒன்றை அது எப்படிப் பிரிக்கும்? கம்ப்யூட்டர் என்றால் புது மென்பொருள் போட்டுச் சமாளிக்கலாம், டிவியில் அந்த வேலையைச் செய்வது தனியாகச் செதுக்கிய சிப், அப்டேட் போட்டாலும் மாறாது.

ஏமாற்றுகிற ரெண்டு வகை உண்டு. ஒன்று, எச்.264 என்றே போட்டிருக்கும், ஆனால் பக்கத்தில் 10 பிட் என்று இருக்கும். அனிமே கோப்புகளில் இது சகஜம், டிவிகள் அநேகமாக ஓட்டாது. ஆச்சரியம் என்னவென்றால் எச்இவிசியில் 10 பிட் என்றால் 4கே டிவிகள் தாராளமாக ஓட்டும். ரெண்டாவது, புதுக் கேமராக்களில் எடுத்த 4:2:2 வீடியோ, அதாவது நிற விவரத்தை வழக்கத்தைவிட அதிகமாக வைத்திருப்பது. எடிட் செய்பவருக்கு அது வரம், டிவிக்குக் கறுப்புத் திரை. கல்யாண வீடியோக்காரரிடம் ஒரிஜினல் துண்டுகள் கேட்டு வாங்கியவர்கள் இதில் மாட்டிக்கொள்வார்கள்.

இங்கேதான் முழுசாக மாற்றியே ஆக வேண்டும். ஹேண்ட்பிரேக் என்ற இலவச கன்வர்ட்டர் போதும், காசு கொடுத்து எதுவும் வாங்க வேண்டாம். ஃபாஸ்ட் 1080பி30 என்ற ப்ரீசெட்டை எடுங்கள், எச்.264 படமும் ஏஏசி ஒலியும் எம்பி4இல் வரும், ஓடாத டிவி அபூர்வம். ஆனால் வீடியோ தாவலில் ஃப்ரேம் ரேட்டை (விநாடிக்கு எத்தனை படம் என்பதை) மட்டும் மூலத்தில் உள்ளபடியே என்று மாற்றிவிடுங்கள். நம் ஊரில் 25 அல்லது 50 ஃப்ரேமில்தான் எடுப்பார்கள், 50 ஃப்ரேமில் எடுத்ததை 30க்கு நெருக்கினால் கேமரா திரும்பும்போதெல்லாம் படம் குதிக்கும். அப்புறம், முழுப் படத்தையும் போடுவதற்கு முன்னால் ஒரே ஒரு நிமிஷத் துண்டை மட்டும் மாற்றி டிவியில் போட்டுப் பாருங்கள். ஹேண்ட்பிரேக்கில் எத்தனையாவது விநாடியில் இருந்து எத்தனையாவது விநாடி வரை என்று கொடுக்க இடம் இருக்கிறது. இதைச் செய்யாமல் ராத்திரி முழுக்க லேப்டாப்பை ஓடவிட்டு காலையில் ஏமாந்தவன் சொல்கிறேன்.

இன்னொரு வழியும் இருக்கிறது, மாற்றவே வேண்டாம், ஓட்டுகிற பெட்டியை மாற்றுங்கள். ஆண்ட்ராய்டு டிவி, கூகுள் டிவி, ஃபயர் டிவி ஸ்டிக் எதுவாக இருந்தாலும் அதில் விஎல்சி செயலியைப் போட்டு அதன் வழியாகத் திறந்தால், டிவியோடு வந்த பிளேயர் மறுத்த பல கோப்புகள் ஓடும். டிடிஎஸ் சத்தமும் பல நேரம் வந்துவிடும், ஏனென்றால் விஎல்சி அதை மென்பொருளிலேயே பிரித்துவிடுகிறது.

பென் டிரைவைச் சொருகினால் டிவி கண்டுகொள்ளவே இல்லை

பென் டிரைவை எந்த முறையில் ஃபார்மட் செய்திருக்கிறது என்று பாருங்கள். ஃபேட்32 எல்லா டிவிக்கும் தெரியும், ஆனால் அதில் 4 ஜிபிக்கு மேல் ஒரே கோப்பை வைக்க முடியாது. 64 ஜிபி காலியாகக் கிடக்கும், 5 ஜிபி படத்தைக் காப்பி செய்தால் கோப்பு மிகப் பெரியது என்று சொல்லும், ஆள் குழம்பிப்போவார். என்டிஎஃப்எஸ் பெரும்பாலான டிவிகளில் படிக்கும். எக்ஸ்ஃபேட் புது டிவிகளில் படிக்கும், பழையவற்றில் சந்தேகம். மேக் கம்ப்யூட்டரின் சொந்த முறையில் ஃபார்மட் செய்ததை டிவி படிக்காது. மாற்றுவதற்கு முன் உள்ளே இருப்பதை வேறு இடத்தில் காப்பி எடுத்துக்கொள்ளுங்கள், ஃபார்மட் செய்தால் எல்லாம் போய்விடும்.

அதைவிட முக்கியம்: சில டிவிகள் பெரிய ஹார்ட் டிஸ்க்கைச் சொருகியதும், நிகழ்ச்சிகளைப் பதிவு செய்ய இதைத் தயார் செய்யட்டுமா என்று கேட்கும். ஓகே அமுக்காதீர்கள். அது ஃபார்மட்தான், வேறு பெயரில் கேட்கிறது. குடும்ப போட்டோ மொத்தமும் ஒரே ஓகேயில் போன வீடு எனக்குத் தெரியும்.

ஹார்ட் டிஸ்க் "டிக், டிக்" என்று சத்தம் போட்டுவிட்டு நின்றுவிட்டால் கரண்ட் போதவில்லை என்று அர்த்தம். யுஎஸ்பி 2 ஓட்டையின் கணக்கு 500 மில்லி ஆம்பியர், யுஎஸ்பி 3 என்றால் 900. டிவி பின்னால் எச்டிடி என்று எழுதிய ஓட்டை இருந்தால் அதில் சொருகுங்கள், இல்லையென்றால் தனி அடாப்டர் உள்ள யுஎஸ்பி ஹப் வாங்குங்கள்.

கேபிள் போட்டாச்சு, "சிக்னல் இல்லை" என்கிறது

சிரிக்காதீர்கள், முதலில் ரிமோட்டில் சோர்ஸ் சரியா பாருங்கள். கேபிள் எச்டிஎம்ஐ 2இல் இருக்கும், டிவி எச்டிஎம்ஐ 1இல் செட்டாப் பாக்ஸைத் தேடிக்கொண்டிருக்கும். அது சரி என்றால் லேப்டாப்பில் விண்டோஸ் பொத்தானையும் பி எழுத்தையும் சேர்த்து அழுத்தி டூப்ளிகேட் என்பதைத் தேர்ந்தெடுங்கள். டிவியில் வால்பேப்பர் மட்டும் தெரிகிறது, படம் லேப்டாப்பிலேயே ஓடுகிறது என்றால் அது எக்ஸ்டெண்டில் இருக்கிறது. அது கோளாறே இல்லை, படம் ஓடும் ஜன்னலைப் பிடித்து வலது பக்கம் இழுத்துவிட்டால் டிவிக்குப் போய்விடும்.

டைப்-சி ஓட்டையில் மாற்றி (அடாப்டர்) போட்டு எச்டிஎம்ஐ எடுப்பவர்கள் கவனிக்க: எல்லா டைப்-சி ஓட்டையிலும் படம் வராது. டிஸ்ப்ளேபோர்ட் வசதி உள்ள ஓட்டையாக இருக்க வேண்டும். சார்ஜ் ஏறுகிறது, கோப்பு போகிறது, படம் மட்டும் வரவில்லை என்றால் மாற்றியைக் குறை சொல்லிப் பயனில்லை.

படத்தின் நாலு ஓரமும் வெட்டுப்பட்டு, டாஸ்க்பார் பாதி தெரிகிறதா? டிவியின் பிக்சர் சைஸ் மெனுவில் ஜஸ்ட் ஸ்கேன், ஸ்கிரீன் ஃபிட், ஃபிட் டு ஸ்கிரீன் என்று கம்பெனிக்கு ஒரு பெயரில் இருக்கும், அதைப் போடுங்கள். பழைய குழாய் டிவி காலத்தில் ஓரத்தை மறைக்க வைத்த பழக்கம் இன்னும் போகவில்லை.

வைஃபையில் அனுப்பினால் டிவி பெயரே வரவில்லை

விண்டோஸ் பொத்தானும் கே எழுத்தும் அழுத்தினால் பக்கத்தில் உள்ள டிவிகளைத் தேடும், இது மிராகாஸ்ட். டிவியிலும் ஸ்கிரீன் மிரரிங் என்பதைத் திறந்து வைத்திருக்க வேண்டும். மேக் கம்ப்யூட்டரில் மிராகாஸ்ட் கிடையாது, அங்கே ஏர்ப்ளே. என்னைக் கேட்டால் சினிமா பார்க்க இந்த வழி வேண்டாம். திரையில் நடப்பதை எல்லாம் அந்தந்த நொடியே சுருக்கி அனுப்பியாக வேண்டும், அதனால் உதடு ஒரு பக்கம், வசனம் ஒரு பக்கம் போகும். அதற்குப் பதில் கோப்பையே அனுப்புங்கள்: கம்ப்யூட்டரில் ஜெல்லிஃபின் மாதிரி ஒரு மீடியா சர்வரைப் போட்டு டிவியில் அதன் செயலி வழியாகப் பார்க்கலாம், அல்லது ஃபோல்டரை நெட்வொர்க்கில் பகிர்ந்துவிட்டு டிவியின் விஎல்சியில் திறக்கலாம்.

இப்படிச் செய்தும் டிவியில் கம்ப்யூட்டர் தெரியவில்லை என்றால் மூன்று இடம் பாருங்கள். விண்டோஸில் வைஃபை பப்ளிக் என்று இருந்தால் பிரைவேட் ஆக்குங்கள், பப்ளிக்கில் இருக்கும்போது கம்ப்யூட்டர் தன்னைப் பிறர் கண்ணுக்குக் காட்டாது. டிவி கெஸ்ட் வைஃபையில் இருக்கிறதா பாருங்கள், அதில் இருக்கும் கருவிகள் மற்றவற்றோடு பேச முடியாது. விபிஎன் ஓடிக்கொண்டிருந்தால் நிறுத்துங்கள்.

ஓடுகிறது, ஆனால் திக்கித் திக்கி

அதே கோப்பைப் பென் டிரைவில் போட்டுப் பாருங்கள். அதில் வழுக்கிக்கொண்டு ஓடினால் குற்றம் வைஃபையில். 2.4 கிகாஹெர்ட்ஸில் இருந்து 5க்கு மாறுங்கள். கேபிள் போட்டும் பெரிய 4கே கோப்பு மட்டும் திக்குகிறதா, அங்கே ஒரு வேடிக்கை இருக்கிறது. பெரும்பாலான டிவிகளின் லேன் ஓட்டை 100 மெகாபிட்தான், ஆனால் 4கே ப்ளூ-ரேயின் உச்ச வேகம் 128 வரை போகும். அந்த டிவிகளில் 5 கிகாஹெர்ட்ஸ் வைஃபை கேபிளைவிட நன்றாக ஓடலாம். பென் டிரைவிலும் திக்கினால் பென் டிரைவே சோம்பேறி, அல்லது டிவி சிப்பால் அந்த வீடியோவைத் தாங்க முடியவில்லை. மேலே போய் ஹேண்ட்பிரேக் பகுதியைப் படியுங்கள்.

தமிழ் சப்டைட்டில் கட்டம் கட்டமாக வருகிறது

சப்டைட்டிலே வரவில்லை என்றால் வீடியோ பெயரும் எஸ்ஆர்டி (சப்டைட்டில்) கோப்பின் பெயரும் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருக்கிறதா, ஒரே ஃபோல்டரில் இருக்கிறதா என்று பாருங்கள். வந்து, கட்டமாகவோ புரியாத குறிகளாகவோ வந்தால் அந்த எஸ்ஆர்டியை நோட்பேடில் திறந்து, சேவ் ஆஸ் கொடுத்து, கீழே என்கோடிங் என்ற இடத்தில் யுடிஎஃப்-8 தேர்ந்தெடுங்கள். அப்படியும் வராவிட்டால் அதே பட்டியலில் பாம் (BOM) உள்ள யுடிஎஃப்-8, சில டிவிகளுக்கு அது வேண்டும். நோட்பேடிலேயே ஆங்கில எழுத்தும் அரைப்புள்ளியும் கலந்து கிடந்தால் அது பாமினி மாதிரி ஒரு பழைய எழுத்துருவில் அடித்தது, யுனிகோடுக்கு மாற்றிவிட்டுத்தான் மேலே போக முடியும்.

எல்லாம் சரியாக இருந்தும் கொம்பு ஒரு பக்கம், கால் ஒரு பக்கம், நடுவில் புள்ளி வட்டம் என்று வருகிறதா? டிவிக்குத் தமிழ் எழுத்துரு இருக்கிறது, எழுத்தைக் கோக்கத் தெரியவில்லை. அதற்கு டிவியில் செய்ய ஒன்றுமில்லை. ஹேண்ட்பிரேக்கில் சப்டைட்டில் தாவலில் எஸ்ஆர்டியைச் சேர்த்து பர்ன் இன் கொடுத்தால் எழுத்து படத்தோடு படமாகப் பதிந்துவிடும். பிறகு நீக்க முடியாது, அதனால் மூலக் கோப்பை அழிக்காதீர்கள்.

வசனத்துக்கு முன்னாலோ பின்னாலோ வந்தால், லேப்டாப்பில் விஎல்சி வழியாகப் பார்ப்பவர்கள் ஜி, எச் எழுத்துகளை அழுத்தி நகர்த்தலாம், ஒரு அழுத்துக்கு 50 மில்லி விநாடி. சத்தம் முன்பின் என்றால் ஜே, கே.

நிறம் வெளுத்திருக்கிறது, அசைவில் கோடு விழுகிறது

ஐபோனில் எடுத்த வீடியோ பழைய டிவியில் சாயம் போன சட்டை மாதிரி தெரிந்தால் அது எச்டிஆரில் (வெளிச்சத்தையும் நிறத்தையும் கூடுதல் வீச்சில் பதியும் முறையில்) எடுத்தது, டிவிக்கு எச்டிஆர் தெரியாது. அடுத்த முறை போன் கேமரா செட்டிங்கில் எச்டிஆர் வீடியோவை அணைத்துவிட்டு எடுங்கள். ஆள் நகரும்போது சீப்புப் பல் மாதிரி கோடு விழுந்தால் அது இன்டர்லேஸ் செய்த, அதாவது ஒற்றை வரி, இரட்டை வரி என்று பிரித்துப் பதிந்த பழைய வீடியோ. விஎல்சியில் டி எழுத்தை அழுத்தினால் கோடு போய்விடும்.

எச்டிஎம்ஐயே இல்லாத டிவி

2006இல் இருந்து அரசு கொடுத்த இலவச கலர் டிவி இன்னும் ஓடிக்கொண்டிருக்கும் வீடுகள் உண்டு, எங்கள் ஊரில் ஒரு டீக்கடையிலேயே இருக்கிறது. மஞ்சள், வெள்ளை, சிவப்பு ஏவி ஓட்டை இருந்தால் எச்டிஎம்ஐயை ஏவியாக மாற்றும் குட்டிப் பெட்டி வாங்கிப் போடலாம். வாங்கும்போது எச்டிஎம்ஐ உள்ளே, ஏவி வெளியே என்று சொல்லிக் கேளுங்கள், தலைகீழாக வேலை செய்யும் பெட்டியும் அதே அளவில், அதே நிறத்தில் கிடைக்கும். அதற்கு யுஎஸ்பி கரண்ட் கொடுக்க வேண்டும், கொடுக்காமல் ஓடவில்லை என்று திருப்பிக் கொண்டுபோகாதீர்கள். படம் கறுப்பு வெள்ளையாகவோ உருண்டுகொண்டோ வந்தால் பெட்டியின் பக்கவாட்டில் பால் (PAL, நம் ஊர் டிவி முறை), என்டிஎஸ்சி என்று ஒரு சின்ன சுவிட்ச் இருக்கும், அதைப் பாலுக்குத் தள்ளுங்கள். எழுத்து எதையும் அந்தத் திரையில் படிக்க முடியாது, ஆனால் படம் பார்க்கத் தாராளமாகப் போதும், டீக்கடையில் கிரிக்கெட்டே அதில்தான் ஓடுகிறது.